கினபாலு மலை ஏறப் போகிறவர்களுக்கு: படுக்கை முன்பதிவு முதல் இறங்கி வருவது வரை

மலேசியாவின் சபா மாநிலத்தில் இருக்கும் கினபாலு மலை 4095 மீட்டர் உயரம். பாறையில் தொங்கி ஏறத் தெரிய வேண்டியதில்லை, பனியில் நடந்து பழகியிருக்க வேண்டியதில்லை. முதல் நாள் காலையில் கிளம்பி 3272 மீட்டரில் இருக்கும் பானலாபானில் இரவு தங்கி, பின்னிரவில் எழுந்து உச்சிக்குப் போய், அன்று மாலைக்குள் அடிவாரம் வந்துவிடலாம். நாலாயிரம் மீட்டரைத் தொட்டுப் பார்க்க ஆசைப்படும், ஓரளவு நடக்கக்கூடிய யாருக்கும் இதைவிட நல்ல மலையை நான் சொல்ல மாட்டேன்.

ஆனால் நினைத்த நாளில் போய் ஏறிவிட முடியாது. பெர்மிட், வழிகாட்டி, காப்பீடு, மேலே ஒரு படுக்கை என்று நான்கும் கையில் இருந்தால்தான் மலைப்பாதை தொடங்கும் கேட்டைத் தாண்ட விடுவார்கள். இந்த நான்கையும் எந்த வரிசையில் வாங்குவது, எதற்கு எவ்வளவு, எங்கே கோட்டை விடுவோம் என்பதெல்லாம் ஆளுக்கொரு இடத்தில் அரைகுறையாகத்தான் கிடைக்கிறது. கிள்ளானில் இருக்கும் அத்தை மகனும் நானும் மாதக்கணக்கில் மின்னஞ்சல் அனுப்பி, திரும்பத் திரும்பக் கேட்டுத் தெரிந்துகொண்டதை இங்கே வரிசையாக எழுதுகிறேன். சென்னையில் இருந்து கிளம்புகிறவர்கள், மலேசியத் தமிழர்கள் இருவருக்கும் பயன்படும்.

1. முதலில் படுக்கை, அப்புறம்தான் விமானம்

இந்த ஒன்றை மட்டும் நினைவில் வைத்தாலே பாதிச் சிக்கல் தீரும். கினபாலுவில் ஒரு நாளைக்கு எத்தனை பேர் ஏறலாம் என்பதைத் தீர்மானிப்பது மேலே பானலாபானில் இருக்கும் படுக்கைகளின் எண்ணிக்கை. அது இருநூறுக்கும் குறைவு. அங்கே உங்கள் பெயரில் ஒரு படுக்கை இருந்தால்தான் இரண்டு நாள் ஏற்றத்துக்கான பெர்மிட் கிடைக்கும். கூடாரம் அடித்துத் தங்கலாமா என்று பலர் கேட்கிறார்கள்; முடியாது.

மலிவாகக் கிடைத்தது என்று விமான டிக்கெட்டை முதலில் போட்டுவிட்டு, அதற்கப்புறம் படுக்கை தேடுவதுதான் பெரும்பாலானவர்கள் மாட்டிக்கொள்ளும் இடம். உங்கள் தேதியில் படுக்கை இல்லை என்றால் யாரும் எதுவும் செய்ய முடியாது. ஆகவே நான்கு முதல் ஆறு மாதம் முன்பே தேடத் தொடங்குங்கள். இரண்டு மூன்று தேதிகளைக் கொடுத்துக் கேளுங்கள். படுக்கை உறுதி என்று எழுத்தில் வந்த பிறகு டிக்கெட் போடுங்கள்.

பதிவு செய்ய இரண்டு வழி. மேலே உள்ள தங்குமிடங்களை நடத்தும் நிறுவனங்களிடம் நேரடியாகக் கேட்கலாம். அல்லது சபாவின் தலைநகரான கோத்தா கினபாலுவில் இருக்கும் பயண ஏஜென்சி வழியாகப் போகலாம். நேரடி என்றால் கொஞ்சம் மலிவு. ஆனால் வண்டி, முந்தைய இரவுத் தங்கல் எல்லாம் நீங்களே பார்த்துக்கொள்ள வேண்டும். முதல் தடவை போகிறவர்கள், அதுவும் வெளிநாட்டில் இருந்து வருகிறவர்கள், ஏஜென்சி வழியே போவது நல்லது என்பது என் எண்ணம். எப்படிப் போனாலும் உண்மையான பெர்மிட் கொடுப்பது சபா பார்க்ஸ் என்ற மாநிலப் பூங்கா நிர்வாகம்தான்.

தேதி தேர்ந்தெடுப்பதில் ஒரு வார்த்தை. பிப்ரவரி முதல் ஏப்ரல் வரை ஓரளவு மழை குறைவு. அக்டோபர் முதல் ஜனவரி வரை மழை அதிகம். என்றாலும் ஆண்டு முழுக்கவே பிற்பகலில் மழை வரும் மலை இது. பள்ளி விடுமுறை, சீனப் புத்தாண்டு, சபாவின் அறுவடைத் திருநாளான காமாத்தான் வரும் மே மாதக் கடைசி ஆகிய நாட்களில் படுக்கை கிடைப்பது சிரமம். வார நாட்களில் கேட்டால் வாய்ப்பு அதிகம்.

இன்னொன்று, பாறைச் சரிவில் இரும்புக் கம்பியைப் பிடித்து இறங்கும் வியா ஃபெராட்டா என்ற பாதை இங்கே உண்டு. அதற்கு ஆசை இருந்தால் படுக்கை பதியும்போதே சேர்த்துச் சொல்ல வேண்டும். கட்டணம் தனி. முதல் நாள் பிற்பகலில் நடக்கும் பயிற்சி வகுப்புக்கு நேரத்தோடு மேலே போய்ச் சேராவிட்டால் மறுநாள் அதில் விட மாட்டார்கள். மெதுவாக நடக்கிறவர்கள் இதை விட்டுவிடுவதே நல்லது.

2. பணம்: சொன்ன விலையில் எது அடக்கம், எது வெளியே

மலேசியக் குடிமக்களுக்கு ஒரு விலை, வெளிநாட்டவருக்கு வேறு விலை. வித்தியாசம் சின்னது அல்ல. பெர்மிட்டும் பூங்காவின் நுழைவுக் கட்டணமும் வெளிநாட்டவருக்குப் பல மடங்கு. படுக்கை விலையும் அதிகம். நாங்கள் கேட்டபோது, வெளிநாட்டுக் கடவுச்சீட்டு வைத்திருப்பவருக்கு ஆளுக்கு 2000 ரிங்கிட்டுக்குக் குறைவாக யாரும் சொல்லவில்லை. அன்றைய மாற்று விலையில் ரூபாயாகப் போட்டுப் பாருங்கள். விமானச் செலவைத் தனியே வைத்துவிட்டு, மலைக்கென்று மட்டும் ஆளுக்கு 60,000 ரூபாய் ஒதுக்கினால் நெருக்கடி இருக்காது.

இங்கேதான் கவனம் வேண்டும். ஒரு ஏஜென்சி எங்களுக்குச் சொன்ன விலை மற்றவர்களைவிட நன்றாகவே குறைவாக இருந்தது. துருவிக் கேட்டதும்தான் வழிகாட்டிக் கட்டணம், பூங்கா வாசலில் இருந்து கேட் வரை வேன், நகரத்தில் இருந்து வரும் வண்டி மூன்றும் அதில் இல்லை என்று தெரிந்தது. கூட்டிப் பார்த்தால் மற்றவர்களைவிட அதிகம். ஆகவே விலை கேட்கும்போதே இதை எல்லாம் பெயர் சொல்லிக் கேளுங்கள்: படுக்கை, உணவு, ஏறும் பெர்மிட், பூங்கா நுழைவு, காப்பீடு, வழிகாட்டி, பூங்காவுக்குள் வேன், நகரத்தில் இருந்து போகவர வண்டி. ஒவ்வொன்றுக்கும் உண்டு, இல்லை என்று மின்னஞ்சலில் பதில் வாங்குங்கள். தொலைபேசியில் சொன்னதை அங்கே போய் நிரூபிக்க முடியாது.

வழிகாட்டி கட்டாயம். ஒரு வழிகாட்டிக்கு அதிகபட்சம் ஐந்து பேர். கட்டணம் குழுவுக்கு என்பதால் தனியாகப் போகிறவருக்கு முழுச் சுமையும் விழும், ஐந்து பேர் சேர்ந்தால் பங்கு போட்டுக்கொள்ளலாம். எங்கள் குழுவில் பாதிப் பேர் இந்தியர்கள், பாதிப் பேர் மலேசியர்கள். பெர்மிட் ஆளுக்குத் தகுந்தபடி, வழிகாட்டிக் கட்டணம் சமமாக என்று முன்பே பேசிக்கொண்டதால் உறவுக்குள் மனக்கசப்பு வரவில்லை.

சுமை தூக்குபவர் வேண்டுமானால் அது தனிக் கணக்கு. கிலோவுக்கு இவ்வளவு என்று, ஏறுவதற்கும் இறங்குவதற்கும் தனித்தனியாக. கிளம்பும் இடத்தில் தராசில் மாட்டி எடை போடுவார்கள். நாலைந்து பேர் தங்கள் தடித்த உடைகளை ஒரே பையில் போட்டு ஒருவரிடம் கொடுத்தால் செலவு தெரியாது.

பணத்தை நோட்டாகவே கொண்டு போங்கள். மலையில் ஏடிஎம் கிடையாது. மேலே விற்கும் தண்ணீர் பாட்டில் முதல் சாக்லேட் வரை எல்லாம் ஆட்கள் முதுகில் சுமந்து வருவது. விலை அதற்கேற்ப இருக்கும். பேரம் பேச வேண்டாம்.

3. ஆவணங்கள்: பெயரில்தான் சிக்கல்

இந்தியக் கடவுச்சீட்டுக்கு மலேசியா 2023 டிசம்பர் முதல் 30 நாள் விசா இல்லாமல் அனுமதி தருகிறது. 2026 இறுதி வரை அது நீட்டிக்கப்பட்டிருக்கிறது. கிளம்பும் முன் ஒருமுறை தூதரகத் தளத்தில் பார்த்துக்கொள்ளுங்கள். கடவுச்சீட்டு இன்னும் ஆறு மாதமாவது செல்லுபடியாக வேண்டும்.

விசா இல்லை என்றாலும் மலேசிய டிஜிட்டல் வருகை அட்டையை இணையத்தில் நிரப்ப வேண்டும். இறங்கும் நாளுக்கு முந்தைய மூன்று நாட்களுக்குள் நிரப்ப வேண்டும்; கட்டணம் இல்லை. தேடினால் முதலில் வரும் தளங்களில் சில, அரசுத் தளம் போலவே தோற்றம் காட்டிப் பணம் கேட்பவை. பணம் கேட்டால் அது குடிநுழைவுத் துறையின் தளம் அல்ல, மூடிவிடுங்கள்.

அடுத்தது நம் ஆட்களுக்கே உரிய சிக்கல். கடவுச்சீட்டில் சிலருக்குக் குடும்பப் பெயர் கட்டம் காலி, சிலருக்கு அப்பா பெயர் அங்கே, சிலருக்கு இனிஷியல் விரிந்து கிடக்கும். விமான டிக்கெட், வருகை அட்டை, மலைப் பதிவு மூன்றிலும் கடவுச்சீட்டில் உள்ள எழுத்துகள் அப்படியே வர வேண்டும். நான்கு பேருக்கு ஒருவர் பதிவு செய்யும்போது வாட்ஸாப்பில் பெயரைத் தட்டச்சு செய்து அனுப்பச் சொல்லாதீர்கள். கடவுச்சீட்டின் முதல் பக்கத்தைப் படம் எடுத்து அனுப்பச் சொல்லுங்கள். பெர்மிட் பெயரைக் கடைசி நேரத்தில் மாற்றுவதும், வர முடியாதவருக்குப் பதில் இன்னொருவரை அனுப்புவதும் எளிதல்ல. பணமும் பெரும்பாலும் திரும்பாது.

கோலாலம்பூரில் குடிநுழைவு முடித்துவிட்டு உள்நாட்டு விமானத்தில்தானே போகிறோம் என்று கடவுச்சீட்டைப் பெட்டிக்குள் போட்டு அனுப்பிவிடாதீர்கள். சபாவுக்குத் தனிக் குடிநுழைவுச் சோதனை உண்டு. கோத்தா கினபாலுவில் மறுபடியும் வரிசையில் நின்று முத்திரை வாங்க வேண்டும். தீபகற்பத்தில் இருந்து வரும் மலேசியர்களுக்கும் அங்கே சோதனை உண்டு. அவர்கள் மைகார்டு என்ற மலேசிய அடையாள அட்டையைக் கையிலேயே வைத்திருக்க வேண்டும்.

மலையில் காட்ட வேண்டியவை: கடவுச்சீட்டு அல்லது மைகார்டு, பதிவு உறுதிக் கடிதம், பூர்த்தி செய்த உடல்நல, பொறுப்புறுதிப் படிவங்கள். கடிதத்தை அச்செடுத்துக்கொள்ளுங்கள்.

4. காப்பீட்டில் ஒரு எண்ணைப் பாருங்கள்

மலைப் பெர்மிட்டோடு வரும் காப்பீடு சிறியது. தனியாகப் பயணக் காப்பீடு எடுப்பீர்கள் அல்லவா? அதில் மலையேற்றம் எத்தனை மீட்டர் வரை என்று தேடுங்கள். சில திட்டங்கள் 3000 மீட்டரில் நிற்கும், சில 4000 மீட்டரில். கினபாலு 4095. அந்த மிச்ச 95 மீட்டரில்தான் இருட்டில் கயிற்றைப் பிடித்து நிற்பீர்கள்.

5. உடம்பைத் தயார் செய்வது

ஏற்றம் தொடங்கும் திம்போஹோன் கேட் 1866 மீட்டரில் இருக்கிறது. அங்கிருந்து உச்சி வரை 8.7 கிலோமீட்டர். தூரத்தைக் கேட்டு ஏமாற வேண்டாம். அந்தத் தூரத்துக்குள் 2200 மீட்டருக்கு மேல் ஏறுகிறோம், பெரும்பாலும் படிகள். மரச்சட்டம் அடித்த படி, கல் படி, வேர்களே படியாகிப்போன இடம், முழங்கால் உயரத்துக்குத் தூக்கி வைக்க வேண்டிய படி என்று விதவிதமாக.

ஆகவே பயிற்சியும் படியில்தான். தினமும் பூங்காவில் வட்டமடிப்பது போதாது. அடுக்குமாடியில் இருப்பவர்கள் லிஃப்டை விட்டுவிட்டு, முதுகில் ஐந்து கிலோ பையோடு ஒரு மணி நேரம் ஏறி இறங்குங்கள். கோலாலம்பூர் பக்கம் இருப்பவர்களுக்குப் பத்துமலையின் 272 படிகள் இருக்கின்றன; விடியற்காலையில் போய் ஐந்தாறு தடவை ஏறி இறங்கலாம். தமிழ்நாட்டில் வெள்ளியங்கிரி, பர்வதமலை போனவர்களுக்கு உடம்பு என்ன சொல்லும் என்று ஏற்கெனவே தெரிந்திருக்கும். அங்கே சிரமம் இல்லாமல் போய் வந்தவர்கள் இங்கேயும் சமாளிப்பார்கள். ஆனால் உயரம் என்ற ஒன்று கூடுதலாகச் சேரும்.

உயரத்தால் தலைவலி, குமட்டல், தூக்கமின்மை வரலாம். யாருக்கு வரும் என்று முன்கூட்டிச் சொல்ல முடியாது. நன்றாக ஓடுகிறவருக்கும் வரும். டயமாக்ஸ் மாத்திரை எடுக்கலாமா என்பதை உங்கள் மருத்துவரிடம் கேளுங்கள். சல்ஃபா மருந்து ஒத்துக்கொள்ளாதவர்கள் அதை அவரிடம் கட்டாயம் சொல்ல வேண்டும். இதய நோய், கட்டுப்பாட்டில் இல்லாத ரத்த அழுத்தம் அல்லது சர்க்கரை, ஆஸ்துமா இருப்பவர்கள் மருத்துவர் சரி என்று சொல்லாமல் பதிவே செய்யாதீர்கள். படிவத்தில் மறைத்து எழுதிவிட்டு மேலே போய் மூச்சு முட்டினால், உங்களைத் தூக்கிக்கொண்டு அந்தப் படிகளில் இறங்க வேண்டியது அந்த மலைக் கிராமத்து இளைஞர்கள்தான்.

6. பையில் என்ன இருக்க வேண்டும்

முதல் நாள் வியர்த்துக் கொட்டும். மறுநாள் விடியற்காலை உச்சியில் பூஜ்யம் டிகிரிக்குப் பக்கத்தில் இருக்கும், காற்றடித்தால் இன்னும் கீழே இருப்பதாகத் தோன்றும். இரண்டுக்கும் சேர்த்து ஆறேழு கிலோவுக்குள் பை கட்ட வேண்டும். உள்ளே சீக்கிரம் உலரும் சட்டை, மேலே ஃபிளீஸ் என்ற கதகதப்பான மேலாடை, அதற்கு மேல் காற்றும் மழையும் புகாத ஜாக்கெட் என்று மூன்று அடுக்கு போதும். பருத்தி பனியனும் ஜீன்ஸும் நனைந்தால் காயாது, வேண்டாம்.

நெற்றியில் மாட்டும் விளக்கு அவசியம். கைப்பேசி டார்ச்சைப் பிடித்துக்கொண்டு கயிற்றைப் பிடிக்க முடியாது. மாற்று பேட்டரியும் இருக்கட்டும், குளிரில் சீக்கிரம் தீர்ந்துவிடும். கையுறை வாங்கும்போது உள்ளங்கையில் ரப்பர் பூசியதாகப் பாருங்கள். கம்பளிக் கையுறை ஈரக் கயிற்றில் வழுக்கும். பைக்குள் எல்லாவற்றையும் பிளாஸ்டிக் உறையில் கட்டி வையுங்கள். பைக்கு மேல் போடும் மழை உறையை மட்டும் நம்ப வேண்டாம்.

செருப்பு விஷயத்தில் ஒன்று சொல்ல வேண்டும். அங்கே வழிகாட்டிகளும் சுமை தூக்குபவர்களும் போட்டிருப்பது ஒரே வார்ப்பில் செய்த கறுப்பு ரப்பர் ஷூ. அடிப்பக்கம் முழுக்கச் சிறு சிறு ரப்பர் முளைகள். கம்போங் அடிடாஸ் என்று செல்லப்பெயர். ரப்பர் தோட்டத்தில் வேலை செய்தவர்கள் வீட்டுப் பிள்ளைகளுக்கு இது நன்றாகத் தெரியும். விலை மிகக் குறைவு, ஈரமான கருங்கல்லில் பிடிப்பு அபாரம், நனைந்தாலும் கவலையில்லை. ஏற்கெனவே பழகிய மலையேற்றக் காலணி உங்களிடம் இருந்தால் அதுவே போதும். ஆயிரக்கணக்கில் செலவழித்து இதற்கென்று புதுசு வாங்கி, பழகாத காலோடு போவதைவிட இந்த ரப்பர் ஷூவும் தடித்த காலுறையும் எவ்வளவோ மேல். பெரிய அளவுகள் கிடைப்பது சிரமம் என்பதால் நகரத்திலேயே வாங்கிவிடுங்கள்.

சாப்பாடு: மேலே பஃபே. சோறு, காய்கறி, முட்டை, கோழி எல்லாம் இருக்கும். சைவம் என்றால் பதிவு செய்யும்போதே எழுதுங்கள். சைவம் என்று மட்டும் சொன்னால் வழியில் சாப்பிடும் பொட்டலத்தில் முட்டை வர வாய்ப்புண்டு. முட்டையும் வேண்டாம் என்றால் அதையும் தனியாக எழுத வேண்டும். கடலை மிட்டாய், பேரீச்சம்பழம், கொஞ்சம் பருப்புப்பொடி கையில் இருக்கட்டும். உயரத்தில் பசி மந்தமாகும்போது தெரிந்த சுவைதான் உள்ளே இறங்கும்.

7. முந்தைய இரவு மலைப் பக்கமே தங்குங்கள்

கோத்தா கினபாலுவில் இருந்து பூங்கா தலைமையகம் சுமார் 90 கிலோமீட்டர், இரண்டு மணி நேரப் பயணம். அதிகாலையில் கிளம்பி அன்றே ஏறுகிறவர்கள் இருக்கிறார்கள். ஆனால் கடல் மட்டத்தில் தூங்கி எழுந்து அன்று இரவே 3272 மீட்டரில் படுப்பதை உடம்பு ஏற்றுக்கொள்வது கடினம். முந்தைய நாள் பிற்பகலே பூங்காவுக்கோ பக்கத்தில் இருக்கும் குண்டாசாங்குக்கோ வந்துவிடுங்கள். சுமார் 1500 மீட்டர் உயரம். அங்கே ஓர் இரவு தூங்குவது மாத்திரையைவிட நல்லது. சிறு விடுதிகள் நிறைய உண்டு.

நகரத்தில் பாடாங் மெர்டேக்கா பக்கத்தில் இருந்து ரானாவ் போகும் வேன்கள் கிடைக்கும். ஆள் நிரம்பினால்தான் கிளம்பும், ஆகவே காலையிலேயே போவது நல்லது. பூங்கா வாசலில் இறக்கிவிடச் சொல்லுங்கள்.

8. முதல் நாள்

காலை எட்டு மணிக்குள் தலைமையகத்தில் இருங்கள். ஆவணம் காட்டி, பெயர் அட்டை வாங்கி, வழிகாட்டியைச் சந்தித்து, உணவுப் பொட்டலம் எடுத்து, தேவையில்லாத பெட்டியைப் பொருள் காப்பறையில் வைத்து, வேன் பிடித்துக் கேட்டுக்குப் போக ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகும். காலை 10.30க்கு மேல் திம்போஹோன் கேட்டில் ஏற விட மாட்டார்கள்.

கழுத்தில் மாட்டும் அந்தப் பெயர் அட்டையைத் தொலைக்காதீர்கள். கேட்டிலும் மறுநாள் உச்சிப் பாதையிலும் அதைப் பார்த்துத்தான் விடுவார்கள். குளிருக்காக ஜாக்கெட் மேல் ஜாக்கெட் போடும்போது கழற்றி வைத்து மறப்பது வழக்கம்.

கேட்டைத் தாண்டியதும் பாதை கொஞ்சம் இறங்கும். கார்சன் அருவி வரும். சந்தோஷமாக இருக்கும், ஆனால் திரும்பி வரும்போது இதே இடம் கடைசி ஏற்றமாக நிற்கும் என்று இப்போதே தெரிந்துகொள்ளுங்கள். அதற்கப்புறம் ஏற்றம்தான். அரைக் கிலோமீட்டருக்கு ஒரு பலகை. இடையிடையே கூரை போட்ட ஓய்விடங்கள், கழிப்பறை, தண்ணீர்த் தொட்டி. அந்தத் தண்ணீர் சுத்திகரிக்காதது. தண்ணீரைச் சுத்தப்படுத்தும் மாத்திரையை அதில் போட்டுக் குடியுங்கள். ஓய்விடத்தில் பையைத் திறந்து வைத்தால் அணில் வந்து கைவரிசை காட்டும். 2700 மீட்டரில் லாயாங் லாயாங், பாதியைத் தாண்டிவிட்டீர்கள். அதற்கு மேல் மரங்கள் குட்டையாகி, மண் மஞ்சளாகும். வில்லோசா ஓய்விடத்தின் பக்கம் பூச்சி தின்னும் குடுவைச் செடியைத் தேடுங்கள், வழிகாட்டியிடம் கேட்டால் காட்டுவார்.

ஆறு கிலோமீட்டருக்கு ஐந்து முதல் ஏழு மணி நேரம் சாதாரணம். மூச்சு வாங்கிக்கொண்டே பேச முடிகிற வேகத்தில் நடங்கள். வேகமாகப் போய் முதலில் சேர்ந்தவர்கள் இரவில் தலைவலியோடு கிடப்பதைப் பார்த்தேன். மழைக்கு முன் மேலே போய்ச் சேர ஒரே வழி காலையில் சீக்கிரம் கிளம்புவதுதான்.

பானலாபானில் அறைகள் பெரும்பாலும் பங்க் கட்டில்கள். தெரியாதவர்களோடு தங்க வேண்டி வரலாம். பெண்கள் சேர்ந்து ஒரே அறை வேண்டுமானால் பதிவின்போதே கேளுங்கள். வெந்நீரை நம்பிப் போகாதீர்கள். இரவுச் சாப்பாடு மாலை 4.30க்கே தொடங்கும், பசி இல்லாவிட்டாலும் சூப்பும் கொஞ்சம் சோறும் சாப்பிட்டு, மறுநாள் உடைகளை எடுத்து வைத்து, ஏழு மணிக்குப் படுத்துவிடுங்கள். தூக்கம் வராது. வராவிட்டாலும் கவலைப்படாமல் கண்ணை மூடிப் படுத்திருந்தால் போதும்.

9. உச்சிக்கு

இரண்டு மணிக்கு எழுப்புவார்கள். சூடாக ஏதாவது குடித்து, ரொட்டி சாப்பிட்டு, 2.30 வாக்கில் கிளம்ப வேண்டும். முதலில் நீண்ட மரப்படிகள். அப்புறம் செங்குத்தான கருங்கல் சரிவு, அதில் பதித்த தடித்த வெள்ளைக் கயிறு. கயிற்றில் முழு எடையையும் போட்டுத் தொங்க வேண்டாம். காலைப் பாறையில் முழுதாகப் பதித்து, கயிற்றைத் துணைக்கு மட்டும் பிடியுங்கள். கைத்தடியை மடக்கிப் பையில் போட்டுவிடுங்கள். முன்னால் போகிறவர் நின்றால் நீங்களும் நில்லுங்கள். தாண்டிப் போக இடமில்லாத பகுதி இது.

3668 மீட்டரில் சாயாட் சாயாட் சோதனைச் சாவடி. காலை ஐந்து மணிக்குள் இதைத் தாண்ட வேண்டும், இல்லாவிட்டால் திருப்பி அனுப்புவார்கள். பலத்த மழை, காற்று என்றால் எல்லோருக்குமே பாதை மூடப்படும். பணம் திரும்பக் கிடைக்காது. மழையில் அந்தப் பாறை முழுக்க ஓடையாகிவிடும். வழிகாட்டி போகக் கூடாது என்றால் வாதம் பண்ணாதீர்கள். 2015 ஜூன் 5 நிலநடுக்கத்தில் இந்த மலையில் 18 பேர் இறந்தார்கள். அவர்களில் வழிகாட்டிகளும் உண்டு. அன்று மேலே சிக்கியவர்களைக் கீழே கொண்டுவந்தவர்களும் அதே வழிகாட்டிகள்தான்.

சாவடிக்கு மேல் திறந்த பாறை வெளி. சரிவு குறைவு, ஆனால் காற்று மெலிந்திருக்கும். பத்து அடி, ஒரு நிறுத்தம் என்று போங்கள். உட்கார்ந்தால் குளிர் ஏறிவிடும். நின்றபடியே மூச்சு வாங்குங்கள். நடை தள்ளாடினாலோ, வாந்தி நிற்காவிட்டாலோ உடனே வழிகாட்டியிடம் சொல்லி இறங்க வேண்டும். குழுவில் ஒருவர் திரும்பினால் மற்றவர்கள் என்ன செய்வது என்பதை முதல் நாள் மாலையே வழிகாட்டியோடு பேசிவைத்துக்கொள்ளுங்கள். ஐந்து பேருக்கு ஒரே வழிகாட்டி என்பதால் இந்தக் கேள்வி நிஜமாகவே வரும்.

சூரியன் ஆறு மணி வாக்கில் உதிக்கும். ரொம்ப முன்னதாகப் போய்விட்டால் உச்சியில் நடுங்கிக்கொண்டு காத்திருக்க வேண்டும். லோஸ் பீக் என்னும் உச்சிப்பாறை குறுகலானது. படம் எடுத்ததும் அடுத்தவருக்கு இடம் விடுங்கள். சுற்றியுள்ள கிராமங்களின் டுசுன் மக்களுக்கு இது முன்னோர்களின் ஆன்மா தங்கும் இடம். கூச்சல், அரைகுறை உடையில் புகைப்படம் எல்லாம் இங்கே வேண்டாம்.

10. இறக்கம்

உச்சியோடு முடிந்தது என்று நினைக்கிறவர்களைக் கவிழ்ப்பது இறக்கம்தான். அன்று ஒரே நாளில் 8.7 கிலோமீட்டர் இறங்க வேண்டும், தூக்கம் இல்லாத உடம்போடு. பானலாபானில் காலை உணவு முடித்து 10.30க்குள் அறையைக் காலி செய்துவிட வேண்டும். அங்கிருந்து கேட்டுக்கு நான்கு முதல் ஆறு மணி நேரம்.

கால் நகங்களை ஊரிலிருந்து கிளம்பும்போதே ஒட்ட வெட்டிவிடுங்கள். இல்லாவிட்டால் ஒவ்வொரு படியிலும் பெருவிரல் காலணியில் முட்டி நகம் கறுத்துவிடும். காலணிக் கயிற்றைக் கணுக்காலில் இறுக்கிக் கட்டுங்கள். கைத்தடி இரண்டு இருந்தால் முழங்கால் தப்பிக்கும். உயரமான படிகளில் பக்கவாட்டில் திரும்பி இறங்குங்கள். குதிக்காதீர்கள்.

கீழே வந்ததும் தலைமையகத்தில் சான்றிதழ் வாங்கலாம், சிறு கட்டணம். வழிகாட்டிக்கு அன்பளிப்பு கட்டாயமில்லை. நாங்கள் ஆளுக்குக் கொஞ்சம் போட்டுக் கையில் கொடுத்தோம், நீங்களும் கொடுங்கள்.

நகரம் திரும்பும் வண்டியை முதல் நாளே பேசி வையுங்கள். மாலையில் சாலையோரம் நின்றால் ரானாவில் இருந்து வரும் வேன்கள் நிரம்பியே வரும், சில நாள் வராமலும் போகும். அன்று இரவு விமானமும், மறுநாள் அதிகாலை விமானமும் போடாதீர்கள். மறுநாள் படுக்கையில் இருந்து இறங்கவே சுவரைப் பிடிக்க வேண்டியிருக்கும். ஒரு நாள் கையில் இருந்தால் பூங்காவில் இருந்து 40 கிலோமீட்டர் தள்ளி இருக்கும் போரிங் வெந்நீர் ஊற்றுக்குப் போய்க் காலை ஊற வையுங்கள், மாற்றுத் துணியும் துண்டும் பொருள் காப்பறையில் விட்டுப் போகும் பெட்டியிலேயே இருக்கட்டும்.